போதுமான வெளிச்சம்

பிலிம் ஓடிய காலத்தில், ஒரு காட்சி படமாகும் நொடியில் அதைப் படமாகவே பார்த்தவர் தளத்தில் ஒரே ஒருவர்தான். பெரும்பாலும் அவர் இயக்குநராக இருக்கமாட்டார். இயக்குநர் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று நடிகரைப் பார்த்துக்கொண்டிருப்பார். வ்யூஃபைண்டரில் கண்ணை ஒட்டிவைத்திருப்பவருக்குத்தான் சட்டகத்துக்குள் எது வந்தது, எது வெளியே நழுவியது, கண்ணீர் எந்த இடத்தில் வெளிச்சத்தைப் பிடித்தது என்பதெல்லாம் தெரியும். லேபிலிருந்து ரஷ் வந்து திரையில் ஓடும்வரை மற்ற எல்லோரும் அவர் சொன்ன ‘ஓகே’யை நம்பித்தான் வீட்டுக்குப் போனார்கள்.

இப்படி எல்லாவற்றையும் முதலில் பார்த்தவரின் பெயர் போஸ்டரில் கடைசி வரிகளில் இருக்கும். ஒரு கதையைப் பார்வையாக மாற்றித் தருகிறவர் அவர். ஆனால் எந்தக் கதை, எந்த முகம், எந்த முடிவு என்பதில் அவருக்குப் பெரிய பேச்சு கிடையாது. இந்த இடத்தில் பல ஆண்டுகள் நின்ற ஒருவர், இனி என் படத்தை நானே எடுத்துக்கொள்கிறேன் என்று கிளம்பும்போது அவர் கையோடு எதை எடுத்துக்கொண்டு போகிறார்? கேமராவைக் கையாளும் திறமையை என்று சட்டென்று சொல்லிவிடலாம். அதைவிடப் பெரிய ஒன்று இருக்கிறது என்பது என் எண்ணம். அதை யோசிக்கும்போதெல்லாம் எனக்கு முன்னால் வந்து நிற்பவர் பாலு மகேந்திரா.

இந்தியாவில் இந்தப் பாதையில் நடந்தவர் அவர் மட்டும் இல்லை. ஷ்யாம் பெனகலின் ‘அங்குர்’ படத்துக்கு ஒளிப்பதிவு செய்த கோவிந்த் நிஹலானி 1980இல் ‘ஆக்ரோஷ்’ எடுத்தார். மலையாள இயக்குநர் அரவிந்தனின் கண்ணாக இருந்த ஷாஜி என். கருண் 1988இல் ‘பிறவி’ எடுத்தார். எதிர்த்திசையிலிருந்து வந்தவரும் உண்டு. சத்யஜித் ராய் ‘சாருலதா’ (1964) தொடங்கிக் கேமராவைத் தானே இயக்கலானார். பார்ப்பதையும் சொல்வதையும் ஒன்றாகவே யோசித்தவர்கள் இவர்கள்.

பாலு மகேந்திரா பிறந்த ஊர் இலங்கையின் கிழக்குக் கரையில், மட்டக்களப்பு வாவியை ஒட்டிய அமிர்தகழி. மாமாங்கேசுவரர் கோவில் இருக்கிற ஊர். அவர் பள்ளி மாணவனாக இருந்தபோது டேவிட் லீன் ‘தி பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய்’ படத்தை இலங்கையில் எடுத்துக்கொண்டிருந்தார். களனி ஆற்றங்கரையில் கித்துல்கலையில் படப்பிடிப்பு. பள்ளிச் சுற்றுலாவில் போன சிறுவன் அதைப் பார்க்க நேர்ந்தது. இயக்குநர் மழை வேண்டும் என்று உரக்கக் கத்தினார். உடனே மழை பெய்தது. அந்தக் கணத்தில்தான் தானும் இயக்குநராக வேண்டும் என்று முடிவுசெய்ததாகப் பிற்காலத்தில் பல இடங்களில் சொல்லியிருக்கிறார்.

கேட்டவர்கள் ரசித்துச் சிரிக்கிற கதைதான். ஆனால் அந்தச் சிறுவன் எதைக் கண்டு மயங்கினான் என்று கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். ஒரு மனிதன் வானத்துக்கு உத்தரவு போடுகிறான், வானம் கேட்கிறது. கலையின் வாசலில் முதன்முதலாக நிற்கிற எல்லோரையும் இழுப்பது இந்த அதிகார ஆசைதான். நினைத்ததை நினைத்தபடி நடத்திக்காட்டலாம், உலகத்தைத் தன் இஷ்டத்துக்கு அடுக்கிவைக்கலாம் என்ற ஆசை. இது கெட்ட ஆசை என்று சொல்லமாட்டேன். இது இல்லாமல் யாரும் வீட்டைவிட்டுக் கிளம்புவதில்லை. இதனோடு ஒருவன் எவ்வளவு தூரம் போகிறான், வழியில் எந்த இடத்தில் இதை இறக்கிவைக்கிறான் என்பதுதான் கேள்வி.

1966இல் அவர் புனே திரைப்படக் கல்லூரியில் சேர்ந்தார். இயக்கம் படிக்கத்தான் ஆசை. கிடைத்தது ஒளிப்பதிவுப் பிரிவு. 1969இல் தங்கப் பதக்கத்தோடு வெளியே வந்தார். விரும்பிய கதவு மூடியிருந்ததால் பக்கத்துக் கதவு வழியாக உள்ளே போனவர்கள் எல்லாத் துறைகளிலும் இருக்கிறார்கள். சிலர் ஆயுள் முழுக்க மூடிய கதவையே நினைத்து ஏங்குவார்கள். இவருக்கு அந்தப் பக்கத்துக் கதவே பள்ளிக்கூடமாயிற்று. மழைக்கு உத்தரவிட ஆசைப்பட்டவரிடம், இருக்கிற வெளிச்சத்தை அளந்து பார் என்று ஒரு சின்ன மீட்டரைக் கையில் கொடுத்தார்கள்.

அளப்பதுதான் ஒளிப்பதிவின் அரிச்சுவடி. முப்பத்தைந்து மில்லிமீட்டர் பிலிமில் ஒரு வினாடிக்கு 24 சட்டகங்கள். ஓர் அடியில் 16 சட்டகங்கள். ஒரு நிமிடத்துக்கு 90 அடி. 400 அடிச் சுருளைப் போட்டால் நாலரை நிமிடத்துக்குள் தீர்ந்துவிடும். கேமரா ஓடும் சத்தம் ஒளிப்பதிவாளரின் காதில் பணம் ஓடும் சத்தமாகவும் கேட்கும். கலர் நெகட்டிவ் வெளிநாட்டிலிருந்து வர வேண்டிய சரக்கு, வேண்டிய அளவு கிடைக்காது. எழுபதுகளில் பரவலாகப் பயன்பட்ட ஈஸ்ட்மேன் கலர் பிலிமின் ஒளியுணர் வேகம் (ஏ.எஸ்.ஏ.) வெறும் 100. இன்றைய செல்பேசிகூடச் சிரிக்காமல் பிடித்துவிடுகிற மங்கிய அறை அன்றைய பிலிமுக்குக் கிட்டத்தட்டக் குருட்டு இருட்டு. இத்தனை இல்லாமைகளுக்கு நடுவே நின்று, எது இருந்தால் போதும் என்று ஒவ்வொரு ஷாட்டுக்கும் கணக்குப் போட்டவருக்குக் கணக்கு உடம்பில் ஏறிவிடுகிறது.

இன்னொரு பாடமும் அங்கே உண்டு. ஜன்னல் ஓரத்தில் ஒரு பெண் நிற்கிறாள். வெளியே வெயில், உள்ளே நிழல். ஜன்னலுக்கு வெளியே உள்ள மரத்துக்கு எக்ஸ்போஷர் வைத்தால் அவள் முகம் கருத்துப்போகும். முகத்துக்கு வைத்தால் மரம் வெளுத்துப்போகும். இரண்டும் தெளிவாக வேண்டும் என்றால் லாரியில் விளக்குகள் வர வேண்டும், ஜெனரேட்டர் வர வேண்டும், அந்த அறை ஓர் அறையாக இருப்பதை நிறுத்திவிடும். ஆகவே எதை இழப்பது என்று முடிவுசெய்ய வேண்டியிருக்கிறது. எழுதுகிறவனுக்கு இந்தக் கட்டாயம் இவ்வளவு கண்ணெதிரே வருவதில்லை. அவன் ஒரு பத்தியில் மரத்தையும் அடுத்த பத்தியில் முகத்தையும் வைத்துக்கொள்ளலாம். ஒளிப்பதிவாளன் ஒவ்வொரு முறையும் ஏதோ ஒன்றை இருட்டில் விட்டாக வேண்டும். அந்த முடிவில்தான் அவன் யார் என்பது வெளிப்படுகிறது.

கல்லூரியில் அவர் எடுத்த பட்டயப் படத்தைப் பார்த்த மலையாள இயக்குநர் ராமு காரியாட் ‘நெல்லு’ படத்தின் ஒளிப்பதிவை அவரிடம் ஒப்படைத்தார். பி. வல்சலாவின் நாவல்; வயநாட்டுக் காடும் வயலும் அங்குள்ள பழங்குடி மக்களும் அதன் உலகம். படம் 1974இல் வெளிவந்தது, கேரள அரசின் ஒளிப்பதிவு விருதை அவருக்குக் கொண்டுவந்தது. அடுத்த சில ஆண்டுகள் மலையாளத்தில் ஒருவர் பின் ஒருவராகப் பல இயக்குநர்களுக்கு வேலை செய்தார். ‘நெல்லு’வுக்கு இசையமைத்த சலீல் சௌத்ரியைப் பிறகு தன் முதல் படமான ‘கோகிலா’வுக்கும், தமிழில் முதல் படமான ‘அழியாத கோலங்க’ளுக்கும் அழைத்துக்கொண்டார். பிறர் படத்தில் வேலை செய்கிறவன் சம்பளத்தோடு நட்பையும் ரசனையையும் சேர்த்துக்கொண்டே போகிறான். பின்னாளில் தன் வீடு கட்ட இறங்கும்போது அவைதான் முதல் செங்கற்கள்.

அந்தக் காலத்துச் சென்னை ஸ்டூடியோக்களில் வெளிச்சம் என்பது அந்தஸ்து. சுவருக்கு மேலே பரண் கட்டி, அதில் வரிசையாக விளக்குகளைத் தொங்கவிட்டு, நடிகரின் மூக்கு நிழல்கூடக் கன்னத்தில் விழாதபடி ஊற்றுவார்கள். ஏழை வீட்டுக் குடிசையும் பண்ணையார் மாளிகையும் ஒரே அளவு பளபளக்கும். இதற்கு மாற்று வழியை வங்காளத்தில் ராயின் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா காட்டியிருந்தார். ‘அபராஜிதோ’ (1956) படத்துக்காகக் காசி வீட்டு முற்றத்தை ஸ்டூடியோவுக்குள் போட்டபோது, மேலே வெள்ளைத் துணியை விரித்து, விளக்கை அதில் அடித்துத் திருப்பி, திறந்த வானத்திலிருந்து இறங்குவது போன்ற நிழலற்ற வெளிச்சத்தை உண்டாக்கினார். வெளிச்சம் ஒரு திசையிலிருந்து வர வேண்டும், அதற்கு ஒரு நியாயம் இருக்க வேண்டும் என்ற எளிய நேர்மை அது. பாலு மகேந்திரா அதை இன்னும் ஒரு படி கீழே இறக்கினார். துணிகூட வேண்டாம், ஜன்னல் போதும் என்றார்.

ஜன்னல் போதும் என்று சொல்வது சுலபம். ஜன்னல் தன் நேரத்தில்தான் வேலை செய்யும். காலை எட்டு மணிக்கு வருகிற வெளிச்சம் பத்து மணிக்கு இல்லை. மேகம் வந்தால் நிற்க வேண்டும். மாலைச் சூரியனை எதிரே வைத்து ஒரு முகத்தின் ஓரத்தைப் பொன்னாக்க வேண்டுமானால், அதற்குக் கிடைக்கும் சில நிமிடங்களுக்காக நாள் முழுக்க ஒத்திகை பார்த்துக் காத்திருக்க வேண்டும். வானத்துக்கு உத்தரவிட்ட மனிதனைக் கண்டு சினிமாவுக்கு வந்தவர், வானத்தின் உத்தரவுக்குக் காத்திருப்பதையே தன் பாணியாக்கிக்கொண்டார். அந்தப் பள்ளிச் சிறுவன் தோற்றுவிட்டான் என்று இதைச் சொல்ல முடியாது. அவனுக்குத் தெரியாதிருந்த ஒன்று இவருக்குத் தெரிந்திருந்தது. உலகம் நாம் கேட்பதைக் கொடுப்பதைவிடக் கேட்காததைக் கொடுக்கும்போது படம் உயிர்பெறுகிறது. ஆனால் அப்படிக் கொடுக்கிற நேரத்தில் நாம் கண்ணைத் திறந்துகொண்டு அங்கே நிற்க வேண்டும்.

‘கோகிலா’ 1977இல் கன்னடத்தில் வந்தது. சென்னையிலும் நன்றாக ஓடியது. அவருக்கு ஒளிப்பதிவுக்கான தேசிய விருதைப் பெற்றுத்தந்த படம். அதிலிருந்து ஏறத்தாழக் கடைசிவரை, திரைக்கதை, ஒளிப்பதிவு, இயக்கம் மூன்றையும் ஒரே கையில் வைத்துக்கொண்டார்; பின்னாளில் படத்தொகுப்பையும் சேர்த்துக்கொண்டார். இதைப் பேராசை என்று சிலர் சொல்லக்கூடும். என் பார்வையில் இது சிக்கனம். மனதில் தோன்றிய ஒன்றை இன்னொருவருக்கு விளக்கி, அவரைச் சம்மதிக்கவைத்து, அவர் புரிந்துகொண்டதில் பாதியை ஏற்று, மீதியை விட்டுக்கொடுத்து வருவதற்குள் தோன்றியதன் ஈரம் காய்ந்துவிடும். தானே எழுதித் தானே பார்த்துத் தானே வெட்டும்போது அந்த ஈரம் தங்குகிறது. ஆபத்தும் அங்கேதான் இருக்கிறது. தளத்தில் மறுத்துப் பேச ஆள் இல்லை. தன் குறையைத் தானே கண்டுபிடிக்க வேண்டும். தனியாளாகப் படம் எடுக்கிறவர்களில் பலர் வழுக்குவது இங்கேதான். தங்கள் மௌனத்தை ஆழம் என்று நம்பிவிடுகிறார்கள்.

அவர் வழுக்காமல் நின்ற இடங்களில், பிறர் படங்களுக்கு வேலை செய்த அனுபவம் அவரைத் தாங்கியிருக்கிறது. தானே இயக்குநரான பிறகும் மகேந்திரனின் ‘முள்ளும் மலரும்’ (1978) படத்துக்கு ஒளிப்பதிவு செய்தார், கே. விஸ்வநாத்தின் ‘சங்கராபரணம்’ படத்துக்கும் செய்தார். இரண்டும் முற்றிலும் வேறு வேறு மனிதர்களின் உலகங்கள். ஒன்றில் விஞ்ச் ஓட்டும் முரட்டு அண்ணன், மற்றதில் கர்நாடக சங்கீத வித்வான். இரண்டிலும் அவர் தன் கண்ணைக் கொடுத்தார். தன் கதையை உள்ளே திணிக்கவில்லை. ‘முள்ளும் மலரும்’ பார்க்கிறவர்கள் அந்த அண்ணன் காளியை நினைவில் வைத்துக்கொள்கிறார்கள். அவன் மேல் விழுந்த மலைநாட்டு வெளிச்சத்தைப் பற்றித் தனியாகப் பேசுவதில்லை. பின்னால் நிற்கத் தெரிந்தவருக்குத்தான் முன்னால் நிற்கும்போதும் தன்னை மறைத்துக்கொள்ள முடிகிறது.

சந்தை அவரைச் சும்மா விட்டுவிடவில்லை. ‘மூடுபனி’ (1980) இளையராஜாவின் நூறாவது படமாக வந்தது. ‘மூன்றாம் பிறை’ (1982) பெரும் வெற்றி. கமல்ஹாசனுக்கு நடிப்புக்கும் இவருக்கு ஒளிப்பதிவுக்குமாகத் தேசிய விருதுகள் கிடைத்தன. கேத்தி ரயில் நிலையத்தில், மழையிலும் சேற்றிலும் குரங்குபோல ஆடிக்காட்டி, தன்னை மறந்துவிட்ட பெண்ணுக்குத் தன்னை நினைவூட்டப் போராடுகிற மனிதனைத் தமிழ்நாடு இன்றும் மறக்கவில்லை. அதே படத்தில் கதைக்குச் சம்பந்தமில்லாத கவர்ச்சிப் பாட்டும் இருந்தது. பிறகு ‘நீங்கள் கேட்டவை’ (1984), ‘ரெட்டைவால் குருவி’ (1987) போன்ற படங்கள் வந்தன. இவற்றைச் சமரசம் என்று சொல்ல அவரே தயங்கவில்லை. குறைந்த சமரசங்களோடும் குறைந்த தவறுகளோடும் தான் எடுத்த படங்கள் என்று அவர் பெயர் சொன்னது இரண்டைத்தான்: ‘வீடு’, ‘சந்தியாராகம்’.

நாற்பதாண்டுத் திரைவாழ்வில் இரண்டு. இந்தக் கணக்கைப் பார்த்து வருத்தப்படத் தேவையில்லை என்று நினைக்கிறேன். சுயேச்சையான கலைஞன் என்றால் ஒரு நாளும் வளைந்துகொடுக்காதவன் என்று நாம் ஒரு பொம்மை செய்து வைத்திருக்கிறோம். நடைமுறையில் அந்த நிலை யாருக்கும் நிரந்தரமாக வாய்ப்பதில்லை. ஒவ்வொரு படத்துக்கும் புதிதாகச் சம்பாதிக்க வேண்டியிருக்கிறது. சம்பாதித்ததை அடுத்த படத்தில் இழக்கவும் வேண்டியிருக்கிறது. எந்தெந்த இடத்தில் வளைந்தோம் என்று தெரிந்து வைத்திருப்பவன் மறுபடி நிமிர முடியும். வளைந்ததையே பாணி என்று அழைத்துக்கொள்பவனுக்கு அந்த வழி அடைபட்டுவிடுகிறது.

‘வீடு’ 1988இல் வந்தது. அலுவலகத்துக்குப் போய்வருகிற சுதா என்ற பெண், அவள் தங்கை, வயதான தாத்தா. வாடகை வீட்டைக் காலி செய்யச் சொல்கிறார்கள். புதிய வாடகை கட்டுப்படியாகவில்லை. கைவசம் இருக்கும் மனையில் ஒரு வீடு கட்டிவிடலாம் என்று தொடங்குகிறாள். இன்னொரு மனையை விற்பது, கடன், ஒப்பந்ததாரர், சிமெண்ட் திருட்டு, அந்தத் திருட்டைத் துணிந்து காட்டிக்கொடுக்கிற சித்தாள். இதுதான் படம். பாட்டு கிடையாது. இளையராஜாவின் ‘ஹவ் டு நேம் இட்’ தொகுப்பிலிருந்து எடுத்த இசை பின்னணியில் வருகிறது. படத்துக்காக நிஜமாகவே ஒரு வீடு கட்டப்பட்டது. அது வளர வளரப் படமும் வளர்ந்தது.

அவர் எடுத்த எந்தக் கதையையும்விட இந்தக் கதை அவருடைய தொழிலுக்கு அருகில் இருக்கிறது. சுயமாகப் படம் எடுப்பதும் நடுத்தர வர்க்கத்துப் பெண் வீடு கட்டுவதும் ஒரே காரியம்தான். இரண்டிலும் பணம் முதலிலேயே தீர்ந்துவிடும். இரண்டிலும் அனுமதி தர வேண்டியவர் மேசைக்கு அந்தப் பக்கம் இருப்பார். எல்லாம் முடிந்ததும் சட்டம் வந்து இது உன்னுடையது இல்லை என்று சொல்லும். படத்தின் கடைசியில் அந்த மனையைக் குடிநீர் வாரியம் ஏற்கெனவே கையகப்படுத்திவிட்டது என்பது தெரியவருகிறது. சுதா நீதிமன்றத்தில் காத்திருக்கிறாள். தீர்ப்பு என்ன என்று படம் சொல்லவில்லை. ஜன்னலுக்கு வெளியே உள்ள மரத்தை விட்டுவிட்டு முகத்துக்கு எக்ஸ்போஷர் வைத்த ஒளிப்பதிவாளரின் முடிவுதான் அது. தீர்ப்பை இருட்டில் விட்டதால்தான் காத்திருக்கும் பெண்ணின் முகம் தெளிவாகத் தெரிகிறது.

தாத்தாவாக வந்தவர் சொக்கலிங்க பாகவதர், பழைய நாடக நடிகர். பாதி எழும்பிய வீட்டைப் பார்க்க அவர் தனியே கிளம்பி வருகிற காட்சியில் பேச்சு ஏறக்குறைய இல்லை. அறை அறையாகப் போகிறார். அந்தச் சுருங்கிய முகத்தில் சந்தோஷம் ஊறிவருகிறது. அந்தச் சந்தோஷத்தோடு திரும்பும் வழியில் இறந்துபோகிறார். அடுத்த ஆண்டு வந்த ‘சந்தியாராக’த்தில் அதே பாகவதரை நடுவில் வைத்தார். மனைவியை இழந்து கிராமத்திலிருந்து நகரத்து உறவினர் வீட்டுக்கு வந்து சேர்கிற முதியவர், இடமும் வருமானமும் போதாத அந்த வீட்டில் தன்னைச் சிறிதாக்கிக்கொள்கிற கதை.

அதே காலத்தில் ஷாஜி என். கருண் ‘பிறவி’யில் என்ன செய்தார் என்று பாருங்கள். போலீஸ் காவலில் மறைந்துபோன மகன் வருவான் என்று நாள்தோறும் வழி பார்த்திருக்கிற கிழவர்; அவராக நடித்த பிரேம்ஜியும் நாடக மேடையிலிருந்து வந்தவர். ஒளிப்பதிவிலிருந்து இயக்கத்துக்கு வந்த இரண்டு பேர், இரண்டு மொழிகளில், ஏறத்தாழ ஒரே வேளையில், ஒரு முதியவரின் முகத்தை நம்பிப் படம் எடுத்திருக்கிறார்கள். இது தற்செயலாகவும் இருக்கலாம். ஆனாலும் ஒன்று சொல்லத் தோன்றுகிறது. இளமையான முகத்துக்கு வெளிச்சத்தைக் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும். முதிர்ந்த முகத்தில் வெளிச்சம் தானே வேலை செய்கிறது. ஒவ்வொரு சுருக்கமும் ஒரு சின்ன நிழலை வைத்திருக்கிறது, அந்த நிழலே கதை சொல்லிவிடுகிறது. அழகான முகங்களுக்கு ஆண்டுக்கணக்கில் விளக்குப் போட்டுக் களைத்தவனுக்குத்தான், விளக்கே வேண்டாத முகத்தின் விலை தெரியும்.

எளிமையாக எடுத்தால் உண்மையாகிவிடும் என்று இதற்கு அர்த்தம் பண்ணிக்கொள்ளக் கூடாது. இயற்கை வெளிச்சமும் ஓர் அலங்காரமாகலாம். ஜன்னலோரத்தில் நிறுத்தப்பட்ட சோகமான முகம் விளம்பரப் படத்திலும் வருகிறது. குறைந்த செலவில் எடுத்த மோசமான படங்கள் எத்தனையோ உண்டு. சிரமப்பட்டு எடுத்தோம் என்பதையே தகுதியாகக் காட்டுகிற படங்களும் உண்டு. உப்பு குறைந்த குழம்புக்கும் உப்பை அளந்து போட்ட குழம்புக்கும் உள்ள வேறுபாடு இது. முதலாவது இல்லாமை, இரண்டாவது கைப்பக்குவம். பாலு மகேந்திராவால் பெரிய விளக்குகளைப் போட்டும் படம் எடுக்க முடியும். பல மொழித் தயாரிப்பாளர்கள் அதற்குத் தயாராகக் காத்திருந்தார்கள். வேண்டாம் என்று சொல்ல முடிந்ததற்குக் காரணம், வேண்டியபோது செய்யவும் முடிந்ததுதான்.

தொண்ணூறுகளில் தொலைக்காட்சி பரவி எல்லாவற்றையும் சிறிதாக்கியது. பல இயக்குநர்கள் அதைப் பதவியிறக்கமாகக் கருதினார்கள். அவர் சன் தொலைக்காட்சியில் ‘கதை நேரம்’ என்று 52 குறும்படங்கள் எடுத்தார். வாரம் ஒன்று, தமிழில் ஏற்கெனவே எழுதப்பட்ட சிறுகதைகள். மாலனின் ‘தப்புக் கணக்கு’ அவற்றில் ஒன்று. நேரம் குறைவு, பணம் குறைவு, திரை சிறிது. வயநாட்டுக் காட்டில் கலர் பிலிமோடு மல்லுக்கட்டியவருக்கு இவை புதிய நிபந்தனைகளாகத் தோன்றியிருக்காது. தமிழ்ச் சிறுகதை இத்தனை வீடுகளுக்குள் நுழைந்த வேளை முன்பு ஒன்று இருந்ததாக எனக்குத் தெரியவில்லை.

இந்தக் கதையில் வலிக்கிற பக்கமும் உண்டு. கடைசி ஆண்டுகளில் மேடை கிடைத்த இடங்களிலெல்லாம் அவர் ஒரு விஷயத்தைச் சொல்லி வருந்தினார். தன் படங்கள் சிலவற்றின் நெகட்டிவ்கள் அழிந்துவிட்டன. ‘வீடு’, ‘சந்தியாராகம்’ இரண்டும் அவற்றில் அடக்கம். தமிழ்நாட்டில் ஒரு திரைப்பட ஆவணக் காப்பகம் வேண்டும் என்று கேட்டுக்கொண்டே இருந்தார். அவர் படித்த புனேயில், அதே சாலையில், 1964இலேயே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கப்பட்டுவிட்டது. சென்னையின் வெப்பமும் ஈரக்காற்றும் பிலிமுக்கு எமன். குளிரூட்டிய அறையும் பராமரிப்பும் இல்லாவிட்டால் சுருள் புளித்துப்போய் வினிகர் வாடை வீசத் தொடங்கும். ஒரு மனிதன் தன் தேவைகளை எவ்வளவு குறைத்துக்கொண்டாலும் காலத்திலிருந்து தன் படைப்பைக் காப்பாற்றத் தனியாளால் ஆகாது. அதற்கு நிறுவனம் வேண்டும், அரசு வேண்டும், அக்கறையுள்ள சமூகம் வேண்டும். தனித்து நிற்பவனின் பலம் படத்தை எடுத்து முடிக்கும்வரைதான். பிறகு அதை வைத்திருப்பது நம் பொறுப்பு, அந்தப் பொறுப்பில் நாம் தவறியிருக்கிறோம்.

அழியாத ஒன்றை அவர் வேறிடத்தில் போட்டு வைத்தார். பாலா, வெற்றிமாறன், ராம், சீனு ராமசாமி என்று அவரிடமிருந்து வந்தவர்களின் வரிசை நீளம். 2007இல் ‘சினிமா பட்டறை’ என்ற பயிற்சிப் பள்ளியையும் தொடங்கினார். கேமராவைத் தொடுவதற்கு முன் கதையைப் படி என்பது அவருடைய பாடம். படித்ததைச் சுருக்கி எழுதச் சொல்வார் என்று வெற்றிமாறன் நினைவுகூர்ந்திருக்கிறார். இதில் கவனிக்க வேண்டியது, சீடர்களின் படங்கள் குருவின் படங்களைப் போல இல்லை என்பது. பாலாவின் ‘சேது’வில் உள்ள ஆவேசமும் வெற்றிமாறனின் ‘விசாரணை’யில் உள்ள அடியும் ரத்தமும் ‘வீடு’ படத்தின் குரலே அல்ல. ஒளிப்பதிவாளராக இருந்து குருவானவரிடம் அவர்கள் ஜன்னல் வெளிச்சத்தையாவது பிரதி எடுத்திருக்கலாம், அதையும் செய்யவில்லை. அவர்களுக்குக் கிடைத்தது பாணியைவிட அடியில் இருக்கும் ஒன்று. தன் கதைக்கு எது தேவை என்று தானே முடிவு செய்கிற துணிச்சல்.

‘தலைமுறைகள்’ 2013இல் வந்தது. கேனான் 5டி என்ற கையடக்கமான டிஜிட்டல் கேமராவில் எடுத்தார். பிலிம் போய்விட்டதே என்று புலம்பிக்கொண்டிருந்த ஒளிப்பதிவாளர்கள் பலர் இருந்த காலம் அது. எழுபது வயதைத் தாண்டியவர் புதிய கருவியைச் சட்டென்று எடுத்துக்கொண்டார். ஆங்கிலம் தெரியாத தாத்தாவுக்கும் தமிழ் தெரியாத பேரனுக்கும் நடுவே வளரும் உறவு கதை. தாத்தாவாக அவரே நடித்தார். எந்நேரமும் தலையில் இருக்கும் தொப்பியைக் கழற்றிவிட்டுக் கேமராவுக்கு முன்னால் வந்து நின்றார். வெளிச்சம் யார் முகத்தில் எப்படி விழ வேண்டும் என்று ஆயுள் முழுக்கத் தீர்மானித்தவர், தன் முதிர்ந்த முகத்தையும் அதே வெளிச்சத்துக்குக் கொடுத்தார். 2014 பிப்ரவரி 13இல் மறைந்தார். அந்தப் படத்துக்குத் தேசிய ஒருமைப்பாட்டுக்கான நர்கிஸ் தத் விருது அதற்குப் பிறகு கிடைத்தது.

ஒளிப்பதிவிலிருந்து வந்தவர் கையோடு எதை எடுத்துக்கொண்டு போகிறார் என்ற கேள்விக்கு இந்த வாழ்க்கை ஒரு பதில் வைத்திருக்கிறது. எவ்வளவு இருந்தால் போதும் என்ற அளவுதான் அது. மேலோட்டமாகக் கருவியைப் பழகியவனுக்கு அடுத்த கருவி, அதைவிடப் பெரிய கருவி என்று ஏக்கம் தீராது. ஆழமாகப் பழகியவனுக்குக் கருவியின் மேலிருந்த மயக்கம் தெளிந்துவிடுகிறது. எந்த விளக்கை அணைத்தாலும் காட்சி நிற்கும், எதை அணைத்தால் விழும் என்று அவனுக்குத் தெரியும். இந்த அறிவு உள்ளவனைப் பணத்தைக் காட்டி மிரட்டுவது கடினம். தயாரிப்பாளர் கையை விரித்தால் சின்னப் படம் எடுப்பான். திரையரங்கு மறுத்தால் தொலைக்காட்சிக்கு எடுப்பான். பிலிம் நின்றுபோனால் கையில் அகப்பட்ட கேமராவில் எடுப்பான். எவ்வளவு போதும் என்று தெரியாதவன் கோடிகளில் படம் எடுத்தாலும் கொடுத்தவரின் கையில்தான் இருக்கிறான்.

ஆனால் இந்த அளவு யாருக்கும் முதல் நாளில் கிடைப்பதில்லை. சுயமாக நிற்க விரும்புகிற இளைஞர்கள் பிறரிடம் வேலை செய்வதை இழுக்காக நினைக்கும் காலம் இது. முதல் படமே தன் படமாக இருக்க வேண்டும் என்ற அவசரம் எங்கும் தெரிகிறது. திறமை சேருமுன் தேவைகளைக் குறைத்துக்கொண்டால் அது வறுமையாக மட்டும் நின்றுவிடும், படத்திலும் அது தெரியும். பிறர் கதைக்குத் தன் கண்ணைக் கொடுத்து, பிறர் பணத்தில் பிலிமை வீணாக்காமல் இருக்கக் கற்று, வராத வெளிச்சத்துக்குக் காத்திருந்து பழகிய பிறகு ஒருவன் குறைத்துக்கொண்டால், அப்போது அது விடுதலை. வெளியிலிருந்து பார்த்தால் இரண்டும் ஒன்றுபோலவே இருக்கும். இரண்டுக்கும் நடுவில் இருப்பது பிறருக்காக உழைத்த ஆண்டுகள். சுதந்திரத்துக்குக் கொடுக்கும் விலை என்று நாம் நினைத்து அஞ்சுகிற அந்த ஆண்டுகளில்தான் சுதந்திரம் உருவாகிக்கொண்டிருக்கிறது.